சுரங்கத்துக்குள் போனால் சுவரைப் பாருங்கள்

ஜோகன்னஸ்பர்க்கில் பழைய தங்கச் சுரங்கம் ஒன்றுக்குள் ஆட்களை இறக்கிச் சுற்றிக் காட்டுகிறார்கள், டர்பன் பக்கத்துச் சாட்ஸ்வர்த்திலிருந்து வந்திருந்த பெரியம்மாவையும் பிள்ளைகளையும் போன சனிக்கிழமை அங்கே கூட்டிப்போனேன். தலைக்கவசம், டார்ச், கம்பிக்கூண்டு லிஃப்ட் எல்லாம் ஒழுங்காக இருந்தன. வழிகாட்டி, பெரியம்மாவைக் கைபிடித்தே நடத்திக் கூட்டிப்போனார், அதற்கே அவருக்கு நன்றி சொல்ல வேண்டும்.

ஆனால் ஒரு பெரிய குறை. 1886-இல் இங்கே பக்கத்திலிருக்கும் லாங்லாக்டே பண்ணையில் தங்கம் கிடைத்த கதையையும் தொழிலாளிகள் பட்ட பாட்டையும் அவ்வளவு நேரம் சொன்னவர், தங்கம் அங்கே எப்படி வந்தது என்பதை இரண்டே வரியில் முடித்துவிட்டார். சொல்ல வேண்டியதெல்லாம் சுவரிலேயே இருக்கிறது! டார்ச்சைச் சாய்த்துப் பிடித்தால், கடலை மிட்டாயில் கடலை பதிந்த மாதிரி வெள்ளைக் கூழாங்கற்கள் தெரியும். பாதாம் மிட்டாய் ஒன்றின் பெயரை வைத்துத்தான் இந்தப் பாறையை இங்கே 'பேங்கெட்' என்கிறார்கள். ஏறக்குறைய 290 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆறுகள் உருட்டிவந்த கற்கள் அவை, மலைகளை அரித்து வந்த தண்ணீர், கனமான தங்கத் துகள்களை மேற்கொண்டு இழுக்க முடியாமல் அந்தக் கற்களுக்கு நடுவிலேயே விட்டுப்போனது. பிறகு பூமிக்குள் ஊறிய வெந்நீர் அதைக் கரைத்துக் கொஞ்சம் இடம் மாற்றியது என்பது பலர் கருத்து, தங்கமே அந்த வெந்நீரில்தான் வந்தது என்று வாதிடுகிறவர்களும் உண்டு. எனக்கு ஆற்றுக் கதைதான் சரியாகப் படுகிறது, ஏனென்றால் அதே அடுக்கில் ஆற்றில் உருண்டு மழுங்கிய பைரைட் (இரும்பும் கந்தகமும் சேர்ந்த கனிமம்) மணிகளும் கிடக்கின்றன. காற்றில் அன்றைக்கு ஆக்ஸிஜன் இருந்திருந்தால் அவை ஆற்றிலேயே துருவாகிக் கரைந்திருக்கும்.

அப்புறம் மேலே எரிமலைக் குழம்பு பரவி மூடியது. சுமார் 202 கோடி ஆண்டுகளுக்கு முன் ஃப்ரெடஃபோர்ட்டில் விண்கல் விழுந்ததில் அடுக்குகள் வளைந்து ஆழத்துக்குப் போனதால் பெரும்பகுதி அரிபடாமல் தப்பியது. இதே பாறை அடுக்குகள் பரவிக் கிடக்கும் படுகையில் இருக்கும் ம்போனெங் சுரங்கத்தில் இன்று 4 கிலோமீட்டர் ஆழம் வரை இறங்குகிறார்கள்.

"தங்கம் எங்கே ராசா?" என்று பெரியம்மா சுவரைத் தடவித் தடவிப் பார்த்தார். பெரும்பாலும் அது கண்ணுக்குத் தெரியாத பொடி, ஒரு டன் பாறையை இடித்தால் சில கிராம் கிடைக்கும் என்றேன். கழுத்திலிருந்த தாலியை ஒரு நிமிடம் கையில் பிடித்துக்கொண்டு நின்றார்.

5-க்கு 4 கொடுப்பேன். மூட்டுவலி உள்ளவர்கள் படிகள் எத்தனை என்று முதலிலேயே கேட்டுக்கொள்ளுங்கள். பாறையைப் பற்றி வழிகாட்டியிடம் கேளுங்கள், நாங்கள் கேட்ட பிறகு மனிதர் நின்று பொறுமையாகவே காட்டினார்.