ஏழு குளிர்காலம் ஓடிய ஸ்லோ குக்கரும் எங்கள் வீட்டு உருளைக்கிழங்கு சூப்பும்

அமெரிக்காவில் மினியாபொலிஸ் பக்கம் குடிவந்த முதல் வருஷம், ஜனவரியில் அலுவலகத்தில் ஒரு பாட்லக் வைத்தார்கள். ஆளுக்கொரு பதார்த்தம் கொண்டுவந்து பகிர்ந்து சாப்பிடுவது. நான் எலுமிச்சை சாதம் கட்டிக்கொண்டு போனேன். சாப்பாட்டு மேசையில் வரிசையாக ஐந்து ஸ்லோ குக்கர்கள், அதாவது பீங்கான் பானையில் மணிக்கணக்காக மெதுவாக வேகவைக்கும் மின்சாரக் குக்கர்கள். ஐந்தின் வயரும் ஒரே எக்ஸ்டென்ஷன் பெட்டியில். அதில் ஒன்றில் இருந்ததுதான் செடார் சீஸ் உருகிய கெட்டி உருளைக்கிழங்கு சூப். வெளியே மைனஸ் இருபது. இரண்டு கிண்ணம் குடித்துவிட்டு, எப்படிச் செய்தீர்கள் என்று கேட்டேன். “காலையில் போட்டேன், மறந்துவிட்டேன்” என்றார், கொண்டுவந்த பெண்மணி. அந்த வார இறுதியிலேயே ஆறு குவார்ட் கொள்ளளவில், அதாவது ஐந்தரை லிட்டருக்குச் சற்றுக் கூடுதலாகப் பிடிக்கிற ஒன்றை வாங்கினோம்.

ஏழு குளிர்காலம் முடிந்துவிட்டது. நடுவில் ஒரு பீங்கான் பானை உடைந்து, இப்போது ஓடுவது இரண்டாவது குக்கர். “போட்டேன், மறந்துவிட்டேன்” என்பதில் முதல் பாதி மட்டும்தான் உண்மை. எதைக் காலையில் போடக் கூடாது என்பதை மறக்காமல் இருக்க வேண்டும்.

முதல் தடவை எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டினேன். கிழங்கு, வெங்காயம், பால், சீஸ், உப்பு, மிளகு. மாலையில் மூடியைத் திறந்தால் பனீர் செய்யத் திரித்த பால் மாதிரி தண்ணீர் தனி, திப்பி தனி. எட்டு மணி நேரச் சூட்டைப் பால் தாங்காது. இப்போது பால் பொருள் எதுவானாலும் கடைசி அரை மணியில்தான். சாதாரணப் பாலைவிட டின்னில் வரும் எவாபரேட்டட் மில்க், அதாவது சர்க்கரை சேர்க்காமல் சுண்டவைத்த பால், பத்திரம், சுலபத்தில் திரியாது. சீஸையும் கட்டியாக வாங்கி வீட்டில் துருவிக்கொள்கிறேன். கடையில் துருவி வரும் பாக்கெட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் இருக்க மாவு தூவியிருப்பார்கள். அது சூப்பில் மழமழவென்று உருகாமல் நாக்கில் நறநறக்கும்.

அடுத்தது கிழங்கு. இங்கே ஐந்து பவுண்டு பையில் மலிவாகக் கிடைப்பது ரஸட், தடித்த பழுப்புத் தோல். மாவுச்சத்து அதிகம் என்பதால் நேரம் ஆக ஆக ஓரம் கரைந்து சூப்பைத் தானே கெட்டியாக்கிவிடும், மைதா கரைத்து ஊற்ற வேண்டாம். சிவப்புத் தோல் கிழங்கு நேர் எதிர், பத்து மணி நேரம் ஆனாலும் துண்டு துண்டாகவே நிற்கும், சாலட்டுக்கு நல்லது. யூகான் கோல்ட் இரண்டுக்கும் நடுவே, வெண்ணெய் நிறம். கனடாவில் கெல்ஃப் பல்கலைக்கழகத்தில் உருவாக்கி 1980-இல் வெளியிட்ட ரகம். ருசி அதில்தான் கூடுதல், விலையும் அப்படித்தான். நான் ரஸட் இரண்டு பங்கு, யூகான் கோல்ட் ஒரு பங்கு போடுகிறேன்.

இப்போதைய கணக்கு இது. கிழங்கு ஒன்றரைக் கிலோவுக்குக் கொஞ்சம் குறைவாக, தோல் சீவிக் கட்டை விரல் கணு அளவுக்கு. பெரிய வெங்காயம் இரண்டு, பூண்டு ஆறு பல், செலரித் தண்டு இரண்டு, பிரிஞ்சி இலை ஒன்று, காய்கறி ஸ்டாக் (காய்கறி வேகவைத்து வடித்த சாறு) ஆறு கப். வெங்காயத்தையும் பூண்டையும் முதல் நாள் இரவே வாணலியில் வெண்ணெய் விட்டுச் சிவக்காமல் வதக்கி எடுத்து வைப்பேன். ஸ்லோ குக்கரில் எதுவும் வதங்காது, வேகத்தான் செய்யும். பச்சையாகப் போட்ட வெங்காயம் மாலையில் பச்சை வாசனையோடுதான் வரவேற்கும். நறுக்கிய கிழங்கைத் தண்ணீரில் போட்டு ஃபிரிட்ஜில் வைத்துவிட்டால் கறுக்காது. காலையில் கிழங்கு அடியில், மற்றதெல்லாம் மேலே. கிழங்கு முழுக்க ஸ்டாக்கில் மூழ்க வேண்டும், வெளியே தலை நீட்டும் துண்டு சாம்பல் நிறமாகிவிடும். ஸ்டாக்கிலேயே உப்பு இருப்பதால் காலையில் உப்பு போடுவதில்லை. தண்ணீரும் வற்றாது, மூடியில் முட்டிய ஆவி உள்ளேயே சொட்டும். அடுப்பில் வைக்கிற அளவுக்கு ஊற்றினால் கிழங்கு ரசம்தான் கிடைக்கும்.

ஏழு மணிக்கு லோ, பத்து மணி நேரம். லோ என்றால் சூடு குறைவு, ஹை என்றால் அதிகம் என்றுதான் நானும் ரொம்ப நாள் நினைத்திருந்தேன். பெரும்பாலான மாடல்களில் இரண்டும் கடைசியில் போய் நிற்கும் சூடு ஏறத்தாழ ஒன்றே, கொதிநிலைக்குக் கொஞ்சம் கீழே. அங்கே போய்ச் சேர எடுத்துக்கொள்ளும் நேரம்தான் வேறு. லோவில் எட்டு மணி நேரத்தில் ஆவது ஹையில் ஏறக்குறைய நாலில் ஆகிவிடும். இடையில் ஆசைக்கு ஒரு தடவை மூடியைத் திறந்தால் போன சூடு திரும்ப இருபது, முப்பது நிமிஷம் பிடிக்கும். வேலைக்குப் போகிற நாளில் சூப் நன்றாக வருவதும், ஞாயிற்றுக்கிழமை சொதப்புவதும் இதனால்தான் என்பது என் சந்தேகம். வீட்டில் இருந்தால் கை சும்மா இருக்காது.

மாலையில் வந்ததும் பருப்பு மத்தால் மூன்றில் ஒரு பங்கை மட்டும் மசிப்பேன். மிக்ஸியில் போட்டு அடித்துவிடாதீர்கள். ஒரு முறை சோம்பலில் அடித்தேன், மாவுச்சத்து இழுபட்டுப் பசை மாதிரி ஆனது, போஸ்டர் ஒட்டலாம். பிறகு எவாபரேட்டட் மில்க் ஒரு டின், அரை மணி கழித்து சீஸ் ஒன்றரை கப். இங்குள்ளவர்கள் மேலே வறுத்த பேக்கன் என்கிற பன்றி இறைச்சியும் புளித்த க்ரீமும் போடுவார்கள். எங்கள் வீட்டில் ஒரு கரண்டி வெண்ணெயில் சீரகமும் ஒன்றிரண்டாகத் தட்டிய மிளகும் பொரித்துக் கொட்டி, வெங்காயத் தாள் தூவுவோம். மிளகைக் காலையிலேயே போட்டால் காரம் செத்துவிடும்.

இவருக்கு மாலை ஷிஃப்ட், ஒன்பதரைக்குத்தான் வருவார். ஆறாமல் சூடாக மட்டும் வைத்திருக்கும் வார்ம் நிலையில் வைத்துவிட்டு நான் படுக்கப் போய்விடலாம். மேலே ஆடை கட்டும், ஒரு கிளறு போதும். எனக்கு இந்தக் குக்கர் செய்த பெரிய உபகாரம் சமையல்கூட இல்லை, இரவு பத்து மணிக்கு அடுப்பு பற்ற வைக்காமல் இருப்பதுதான். மிச்சத்தை மட்டும் பானையோடு ஃபிரிட்ஜில் தள்ளாமல், தட்டையான டப்பாக்களில் பிரித்து வைக்க வேண்டும். ஆழமான பானையில் நடுப்பகுதி ஆற வெகுநேரம் ஆகும், அதற்குள் கெட்டுப்போக வாய்ப்பு உண்டு.

பானை உடைந்த கதைக்கு வருகிறேன். இரவே எல்லாவற்றையும் பானையில் அடுக்கி ஃபிரிட்ஜில் வைத்துவிட்டால் காலை வேலை மிச்சம் என்று யோசித்தேன். அன்றைக்கென்று அடிப்பாகத்தை முன்கூட்டியே ஹையில் சூடேற்றியும் வைத்திருந்தேன். சில்லென்ற பானையை உள்ளே இறக்கியதும் ‘டிக்’ என்று ஒரு சின்ன சத்தம். அவ்வளவுதான். வாய் விளிம்பிலிருந்து அடி வரை முடி மாதிரி ஒரு கோடு. சற்று நேரத்தில் ஸ்டாக் கசிந்து மேடைமேல் ஓடியது. பீங்கானுக்குத் திடீர்ச் சூடும் ஆகாது, திடீர்க் குளிரும் ஆகாது. தப்பு முழுக்க என்னுடையது.

அந்த முதல் குக்கரில் திருகும் குமிழ் மட்டும், இரண்டாவதில் டைமர். டைமர் முடிந்ததும் தானாக வார்முக்குப் போவது உண்மையிலேயே சௌகரியம். ஆனால் கரண்ட் ஒரு நொடி போய் வந்தாலும் அணைந்தது அணைந்ததுதான். பனிப்புயல் அடித்த ஒரு நாள் வந்து பார்த்தால் விளக்கு எரியவில்லை, சூப் வெதுவெதுப்பு. எப்போது நின்றது என்று தெரியாததால் மனசில்லாமல் கொட்டினேன். குமிழ் வைத்தது கரண்ட் வந்ததும் ஒன்றுமே நடக்காத மாதிரி ஓடும், நின்றது உங்களுக்குத் தெரியவே தெரியாது. யோசித்தால் அது இன்னும் மோசம். ஐந்து வருஷத்தில் இந்த இரண்டாவதற்கு வந்த வியாதி இவ்வளவுதான்: மூடியின் குமிழ் ஆடுகிறது, பொத்தான் எழுத்துகள் அழிந்துவிட்டன, பானைக்குப் பூண்டு வாசனை நிரந்தரம். மின்சாரம் மீட்டர் செருகிப் பார்த்தேன், ஒரு சூப்புக்கு ஒன்றரை யூனிட்டைத் தாண்டவில்லை.

நம் சமையலுக்கு ஆகுமா என்று கேட்பவர்களுக்கு: பாதி ஆகும். உருளைக்கிழங்கு போட்டுப் புளிக்குழம்பு முயற்சித்தேன். ஒன்பது மணி நேரம் கழித்தும் கிழங்கு கடக்கென்றது. புளிப்பில் கிழங்கு மசியாது, அதுவும் இவ்வளவு மெதுவான சூட்டில். புளியோ தக்காளியோ கிழங்கு வெந்த பிறகுதான். ராஜ்மாவைப் பச்சையாக இதில் போடவே போடாதீர்கள். அதில் இருக்கும் நச்சுப் பொருளை இந்தச் சூடு முழுக்க முறிக்காது. ஊறவைத்து, தண்ணீரைக் கொட்டி, அடுப்பில் நன்றாகக் கொதிக்கவிட்ட பிறகே இதற்குள்.

மூன்றாவது குளிர்காலத்தில் அத்தை வந்திருந்தார். என் மாமியார். காலையில் மூடியதை மத்தியானம் இரண்டு தடவை எட்டிப் பார்த்துவிட்டு, “குக்கர்ல வச்சா நாலு விசில்ல முடிஞ்சிடுமே, இதுக்கு எதுக்கும்மா நாள் பூரா?” என்றார். இந்தச் சாதனத்தின் கதையைச் சொன்னேன். இர்விங் நாக்ஸன் என்பவர் 1940-இல் காப்புரிமை வாங்கியது. லித்துவேனியாவில் யூதர்கள் ஓய்வுநாளில் அடுப்பு பற்ற வைக்க மாட்டார்கள். அதனால் வெள்ளிக்கிழமை பொழுது சாய்வதற்குள் பானையை ரொட்டிக்கடை அடுப்பில் வைத்துவிடுவார்கள், தணலில் ராத்திரி பூரா வேகும். நாக்ஸனின் அம்மா சொன்ன அந்தக் கதைதான் அவருக்கு யோசனை கொடுத்தது. 1971-இல் ரைவல் கம்பெனி கிராக்-பாட் என்று பெயர் வைத்து விற்கத் தொடங்கிய பிறகுதான் வேலைக்குப் போகும் பெண்கள் வீடுகளில் எல்லாம் நுழைந்தது.

“எங்க பாட்டியும் தணல்ல பருப்பை வச்சிட்டுக் களை எடுக்கப் போயிடும். அதுக்குப் போய் காப்புரிமையா?” என்றார் அத்தை.

ஊருக்குக் கிளம்பும்போது பெட்டியில் ஒன்றை எடுத்துப் போகலாமா என்று அவரே கேட்டார். இங்கே 120 வோல்ட், ஊரில் 230. அப்படியே செருகினால் கருகிவிடும் என்றேன். இரண்டு கட்டி செடார் சீஸ் மட்டும் வாங்கிக்கொண்டார்.