பிளைமவுத் நாட்ச்: விளக்கொளியில் ஓர் அதிபர் பதவியேற்ற வீடு

இலையுதிர்காலத்தில் மரங்கள் நிறம் மாறுவதைப் பார்க்க பாஸ்டன் பக்கமிருந்து வெர்மான்ட் மாநிலத்துக்குச் செல்லும் நம்மவர்கள் பெரும்பாலும் வுட்ஸ்டாக், கில்லிங்டன் ஆகிய ஊர்களோடு திரும்பிவிடுகிறார்கள். அங்கிருந்து சிறிது தொலைவிலேயே பிளைமவுத் நாட்ச் என்னும் மலைச் சிற்றூர் இருக்கிறது. அமெரிக்காவின் 30ஆவது அதிபரான கால்வின் கூலிட்ஜ் பிறந்ததும் அடக்கம் செய்யப்பட்டதும் இங்கேதான். அந்த ஊரையே வெர்மான்ட் அரசு நினைவிடமாகப் பாதுகாத்து வருகிறது. அக்டோபர் தொடக்கத்தில் ஒரு பகல் முழுவதும் அங்கே செலவிட்டேன். துணை அதிபர் எப்படி அதிபராகிறார் என்பதை இவ்வளவு நெருக்கமாக உணர்த்தும் இடம் வேறொன்றை நான் பார்த்ததில்லை.

1923 ஆகஸ்ட் 2ஆம் நாள் அதிபர் வாரன் ஹார்டிங் சான் பிரான்சிஸ்கோவில் காலமானபோது, துணை அதிபர் கூலிட்ஜ் விடுமுறைக்காகத் தம் தந்தையின் வீட்டுக்கு வந்திருந்தார். அந்த வீட்டில் மின்சாரமும் இல்லை, தொலைபேசியும் இல்லை. நள்ளிரவுக்குப் பிறகு செய்தியைக் கொண்டுவந்தவர்கள் கதவைத் தட்ட, விழித்துக்கொண்ட தந்தை ஜான் கூலிட்ஜ் மாடிப்படி ஏறி வந்தபடியே மகனை அழைத்தார்; அவர் குரல் நடுங்கியதைப் பின்னாளில் மகனே எழுதியிருக்கிறார். நோட்டரியாக இருந்த அந்தத் தந்தை, அதிகாலை 2.47 மணிக்கு மண்ணெண்ணெய் விளக்கின் வெளிச்சத்தில் மகனுக்குப் பதவிப் பிரமாணம் செய்துவைத்தார். புதிய அதிபர் அதன்பின் மாடிக்குப் போய் மறுபடியும் உறங்கினார்.

இது நடந்த முன்னறைதான் இந்த நினைவிடத்தின் உயிர். அன்றிருந்த சாமான்களோடு, அன்றிருந்தபடியே அதை வைத்திருக்கிறார்கள். பத்துப் பேர் நின்றால் நிறைந்துவிடும் போன்ற அந்த அறையில் மேசையும் விளக்கும்தான் கண்ணில் நிற்கின்றன. ஒரு பெரிய நாட்டின் ஆட்சி கைமாறுவதற்குப் படையோ மாளிகையோ தேவைப்படவில்லை. சட்டத்தில் எழுதப்பட்ட சில சொற்களும் அவற்றைச் சொல்லிக்கொடுக்க ஒருவரும் போதுமாயிருந்தது என்ற எண்ணம் என்னை அங்கே நெடுநேரம் நிறுத்திவைத்தது.

ஆனால் அந்தச் சட்டம் அப்போது அவ்வளவு தெளிவாக இருக்கவில்லை என்பதைத் தெரிந்துகொண்டு போகிறவர்களுக்கு இந்த அறை இன்னும் ஆழமாகப் புரியும். அதிபர் இறந்தால் துணை அதிபர் அதிபராகவே ஆகிறாரா, அல்லது அதிபரின் கடமைகளை மட்டும் ஏற்கிறாரா என்பதை மூல அரசியலமைப்பு திட்டமாகச் சொல்லவில்லை. 1841இல் அதிபர் வில்லியம் ஹென்றி ஹாரிசன் பதவியேற்று ஒரு மாதத்தில் இறந்தபோது, துணை அதிபர் ஜான் டைலர் தாம் முழு அதிபரே என்று உறுதியாக நின்றார். அவருக்குப் பின் வந்தவர்கள் அந்த முன்மாதிரியைக் கைப்பிடித்தே நடந்தார்கள். கூலிட்ஜ் விஷயத்தில் வேறோர் ஐயமும் எழுந்தது. மாநில நோட்டரி ஒருவர் நாட்டின் அதிபருக்குப் பிரமாணம் செய்துவைப்பது செல்லுமா என்று கேள்வி வந்ததால், அதே மாதத்தில் வாஷிங்டனின் வில்லார்ட் ஹோட்டலில் நீதிபதி அடால்ப் ஹோலிங் முன்னிலையில் அவர் மீண்டும் ஒருமுறை உறுதிமொழி எடுத்துக்கொண்டார். பல ஆண்டுகள் இது வெளியே தெரியாமலே இருந்தது.

என்னை மிகவும் கவலைக்குள்ளாக்கியது இன்னொன்று. கூலிட்ஜ் அதிபரானதும் காலியான துணை அதிபர் பதவியை நிரப்ப அன்று வழியே இல்லை. 1925 மார்ச்சில் சார்லஸ் டாஸ் பதவியேற்கும்வரை, ஏறத்தாழ பத்தொன்பது மாதங்கள் அந்த நாற்காலி வெறுமையாகவே கிடந்தது. 1967இல் நிறைவேறிய அரசியலமைப்பின் 25ஆவது திருத்தமே இரண்டு குறைகளையும் தீர்த்தது. துணை அதிபர் அதிபராகவே ஆகிறார் என்று அது தெளிவாகச் சொல்லி, காலியிடத்துக்கு ஒருவரை நியமிக்கவும் வழிசெய்தது. கென்னடி கொல்லப்பட்ட பிறகே இந்தத் திருத்தம் வந்தது என்பது வருத்தமான உண்மை.

ஊரின் மற்ற இடங்களையும் நடந்தே பார்த்துவிடலாம். கூலிட்ஜ் பிறந்த சிறுவீடு பலசரக்குக் கடையை ஒட்டியிருக்கிறது. அந்தக் கடையின் மாடியிலுள்ள நடனக்கூடத்தை 1924 கோடையில் அவர் தம் அலுவலகமாக வைத்துக்கொண்டார். பதினாறு வயது மகன், டென்னிஸ் ஆடியபோது காலில் வந்த கொப்புளம் நஞ்சாகி இறந்தது அதற்குச் சற்று முன்புதான். அதை அறிந்தபின் அந்த மாடியில் வெறும் அலுவலகமாக எதையும் பார்க்க முடியவில்லை. 1890இல் தொடங்கிய சீஸ் ஆலையும் அருகில் உண்டு, குழந்தைகளுக்குப் பிடிக்கும். கல்லறைத் தோட்டத்தில், தம் குடும்பத்தாரின் நடுவே எளிய கருங்கல் ஒன்றின் கீழ் அவர் உறங்குகிறார்.

நுழைவுச் சீட்டு வாங்கியதும் தந்தையின் வீட்டுக்கே முதலில் செல்லுங்கள். கூட்டம் சேருமுன் அந்த அறை முன் அமைதியாக நிற்கலாம். முதியவர்களோடு போகிறவர்கள் கட்டடங்களுக்கிடையே வெளியில் நடக்க வேண்டியிருப்பதால் கம்பளி உடை எடுத்துச் செல்வது நல்லது. மே மாதக் கடைசியிலிருந்து அக்டோபர் நடுப்பகுதிவரையே வீடுகள் திறந்திருக்கும் என்பதால், இலைகளின் நிறம் உச்சத்தில் இருக்கும் வாரத்தையே தேர்ந்தெடுங்கள். ஐந்துக்கு ஐந்து மதிப்பெண் தயக்கமில்லாமல் தருகிறேன்.