ஒமாஹாவில் இரு பட்டங்கள்: ஃபிரெஸ்னோ ஸ்டேட் 2008, வாண்டர்பில்ட் 2019

அமெரிக்கக் கல்லூரி பேஸ்பாலில், ஒமாஹா நகரில் முடிவாகும் தேசியப் பட்டத்தை 2008இல் வென்ற ஃபிரெஸ்னோ ஸ்டேட் பல்கலைக்கழக அணி, நான்கு அணிகள் மோதும் மண்டலச் சுற்றுக்குள் கடைசித் தரவரிசை அணியாகவே நுழைந்தது. 47 வெற்றிகளோடு 31 தோல்விகளையும் சுமந்து ஒரு பருவத்தை முடித்த அணி பட்டத்தோடு திரும்பியது இன்றும் வியப்புக்குரியது. 2019இல் பட்டம் வென்ற வாண்டர்பில்ட் பல்கலைக்கழக அணியோ 59 வெற்றி, 12 தோல்வி என்ற வலுவான கணக்குடையது.

மூன்று ஆட்டங்கள் கொண்ட இறுதித் தொடரில் இரு அணிகளுமே முதல் ஆட்டத்தை இழந்து, பின் இரண்டையும் வென்றன. மீண்ட விதம்தான் வேறு. ஜார்ஜியாவிடம் 6-7 எனத் தோற்ற ஃபிரெஸ்னோ, மட்டையை நம்பி அடுத்த ஆட்டத்தில் 19-10 எனத் திருப்பிக் கொடுத்தது. 6-1 என முடிந்த கடைசி ஆட்டத்தில், கட்டைவிரல் தசைநார் கிழிந்திருந்த ஸ்டீவ் டெட்வைலர் இரண்டு ஹோம் ரன்கள் (பந்தை எல்லைக்கு வெளியே பறக்கவிடும் அடிகள்) அடித்து, அணியின் ஆறு ஓட்டங்களுக்கும் தாமே காரணமானார். மிச்சிகனிடம் 4-7 எனச் சறுக்கிய வாண்டர்பில்ட்டைத் தூக்கி நிறுத்தியது பந்துவீச்சு: தாய்வழியில் இந்திய வம்சாவளியினரான முதலாண்டு மாணவர் குமார் ராக்கர் இரண்டாம் ஆட்டத்தில் 11 பேரைப் பந்தை ஒழுங்காக அடிக்கவிடாமல் மூன்று ஸ்ட்ரைக்குகளில் வெளியேற்றினார் (ஸ்ட்ரைக் அவுட்). அதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான், டியூக் பல்கலைக்கழக அணிக்கு ஒரு ஹிட் (பந்தை அடித்துப் பாதுகாப்பாகத் தளம் சேர்வது) கூடக் கொடுக்காமல் 19 பேரை அவ்வாறே வெளியேற்றியிருந்தார்.

திறமையில் வாண்டர்பில்ட்டே மேல். ஆயினும் மீண்டும் பார்க்க ஒரு தொடரை மட்டும் தேர்ந்தெடுக்கச் சொன்னால், ஃபிரெஸ்னோவின் தொடரையே நான் கேட்பேன்.