புல்வெளியில் பூச்சி வேட்டை: ‘கிரவுண்டட்’ விளையாட்டோடு நெடுநாள் பழகியபின்

அப்சிடியன் நிறுவனத்தின் ‘கிரவுண்டட்’ என்ற வீடியோ கேம் 2020 ஜூலையில் முன்னோட்டப் பதிப்பாக வந்து, 2022 செப்டம்பரில் முழு விளையாட்டாக வெளியானது. எறும்பளவுக்குச் சுருக்கப்பட்ட நான்கு பதின்வயதினர் ஒரு வீட்டின் பின்புறத் தோட்டத்தில் சிக்கிக்கொண்டு உயிர்பிழைக்கப் போராடுவதுதான் இதன் கதை. முழுப் பதிப்பு வந்த நாளிலிருந்து இடைவெளி விட்டும் விடாமலும் இதை விளையாடிவருகிறேன். கதையையும் வீடு கட்டும் பகுதியையும் பற்றிப் பலரும் பேசிவிட்டார்கள் என்பதால், பூச்சிகளைத் தேடிக் கண்டுபிடித்து வேட்டையாடும் பகுதி நெடுநாள் பழக்கத்தில் எப்படி நிற்கிறது என்பதை மட்டும் இங்கே எழுதுகிறேன்.

என் முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம். இந்த விளையாட்டில் தேடுவதே வேட்டை. அடிப்பது அதற்குப் பிறகு வரும் சிறு வேலை. எந்தப் பூச்சி எங்கே மேயும், எப்போது உறங்கும், எதைக் கண்டால் ஓடும், எதைச் சீண்டினால் திரும்பித் தாக்கும் என்பதைக் கவனித்து வைத்திருப்பவருக்குச் சாதாரண ஈட்டியே போதும். கவனிக்காதவருக்கு எந்தக் கவசமும் போதாது. இந்தக் குணம் நீடிக்கும் வரையில் விளையாட்டு அருமையாக இருக்கிறது. பிற்பகுதியில் அது தேய்ந்து, வெறும் ஆயுதக் கணக்காக மாறிவிடுகிறது.

தொடக்கத்தில் வயிற்றுக்கு வழி தேட வேண்டும். அதற்கு முதலில் கிடைப்பவை அசுவினியும் கூன்வண்டும். மிளகாயோ பருத்தியோ பயிரிட்டவருக்கு அசுவினியை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. இலையின் அடிப்பக்கம் கூட்டமாக ஒட்டிக்கொண்டு சாற்றை உறிஞ்சும் அந்தச் சிறு பூச்சி, விளையாட்டில் ஆட்டுக்குட்டி அளவில் நம்முன் நிற்கிறது. நெருங்கினால் புல்லுக்குள் ஓடிவிடும். துரத்திப் பிடிப்பது வீண். அது எங்கே மேய்கிறது என்று பார்த்து, ஒதுங்கி நின்று ஈட்டியை எறிவதே சரி. அசுவினி சுரக்கும் தேன்துளியும் இங்கே உணவுப் பொருளாகக் கிடைக்கிறது. எறும்புகள் அசுவினிக் கூட்டத்தைச் சுற்றிச் சுற்றி வருவதற்கு அந்த இனிப்புத்தான் காரணம் என்பதை வயலில் பார்த்தவர்கள், விளையாட்டை உருவாக்கியவர்களும் அதைப் பார்த்திருக்கிறார்கள் என்று உணர்ந்துகொள்வார்கள். சுட்ட இறைச்சி சீக்கிரம் கெட்டுப்போகும். அதைத் தொங்கவிட்டு உலர்த்தும் பரணைக் கட்டிவிட்டால் நெடுநாள் வைத்திருக்கலாம். கருவாடு காயும் ஊரில் வளர்ந்தவனுக்கு இதற்கென்று தனியாக ஒரு பாடம் தேவைப்படவில்லை.

பொறிவண்டு இன்னொரு வகை. தன்பாட்டில் திரியும் சாது; சீண்டினால் மட்டும் மோதவரும். ஆனால் அதன் தலை நமக்கு வேண்டும், ஏனெனில் இரண்டாம் நிலைக் கோடரிக்கு அது அவசியம். வயலில் அசுவினியைத் தின்று நமக்கு நன்மை செய்யும் பூச்சியைக் கோடரிக்காகக் கொல்ல வேண்டியிருப்பதில் எனக்கு இன்றும் ஒரு சிறு கூச்சம் உண்டு. அதன் புழுவோ விளையாட்டில் கண்டதும் பாய்கிறது. அந்தப் புழுவும் உண்மையில் அசுவினி தின்னிதான், அதுவும் பெருந்தீனி என்பதால், அந்தக் குணத்தை ஓரளவு சரியாகவே எடுத்திருக்கிறார்கள்.

அதே கோடரிக்குத் தேவையான மற்றொரு பொருளுக்காக வெடிவண்டிடம் போக வேண்டும். உண்மையான வெடிவண்டு தன் வயிற்றுக்குள் ஹைட்ரோகுவினோனையும் ஹைட்ரஜன் பெராக்சைடையும் ஓர் அறையில் சேமித்து வைத்து, ஆபத்து வரும்போது அந்தக் கலவையை நொதிகள் இருக்கும் இன்னோர் அறைக்குத் தள்ளி, ஏறத்தாழ 100 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில் பின்புறத்திலிருந்து பீய்ச்சுகிறது. விளையாட்டிலும் அது பின்பக்கத்தை நம் பக்கம் திருப்பித்தான் அமிலத்தை வீசும். ஆகவே தூரத்தில் நின்று அம்பெய்வது பாதுகாப்பு என்று நினைப்பவர்தான் அதிகம் அடிபடுவார். ஒட்டி நின்று, அது திரும்பும்போதெல்லாம் பக்கவாட்டில் நகர்ந்துகொண்டே அடிப்பவர் தப்பிவிடுவார். நாவாய்ப்பூச்சிக்கு இதற்கு நேரெதிரான முறை. அதன் நாற்றப் புகைக்குள் நின்றால் உயிர் குறைந்துகொண்டே போகும் என்பதால், அடித்துவிட்டு விலகி, புகை கலைந்தபின் மீண்டும் நெருங்க வேண்டும். அதன் உடற்பகுதிகளைக் கொண்டே புகைமுகமூடி செய்யலாம். களைக்கொல்லி கசிந்து மூட்டமாகக் கிடக்கும் பகுதிக்குள் அந்த முகமூடி இல்லாமல் நுழைய முடியாது. ஒன்றை வேட்டையாடினால் அடுத்த இடத்தின் கதவு திறக்கும் என்ற இந்தச் சங்கிலியைத்தான் இந்த விளையாட்டின் ஆகச் சிறந்த அமைப்பாக நான் கருதுகிறேன்.

பூச்சியின் பலவீனத்தை அறிய இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, கையில் இருக்கும் தொலைநோக்கியால் தூரத்திலிருந்தே அதைப் படம்பிடித்துக் குறிப்பட்டை பெறுவது. அது எந்த வகைத் தாக்குதலுக்கு இளகும், எதைத் தாங்கும் என்பதை அந்த அட்டை காட்டும். மற்றது, உடற்பகுதிகளை ஆய்வு நிலையத்தில் போட்டுப் பார்த்துப் புதிய செய்முறைகளைப் பெறுவது. புதிதாக எதைக் கண்டாலும் முதலில் தொலைநோக்கியை எடுங்கள், பிறகு ஈட்டியை எடுங்கள் என்பதே நான் எல்லோருக்கும் சொல்வது.

ஓநாய்ச் சிலந்தியைப் பற்றிச் சற்று விரிவாகவே எழுத வேண்டும், ஏனெனில் இந்த விளையாட்டை இடையில் விட்டுப்போனவர்களில் நானறிந்த பலரும் அதனிடம்தான் தோற்றார்கள். வலை பின்னாமல் தரையில் ஓடி இரைபிடிக்கும் இனம் அது. நம் கடற்கரை மணலிலும் தோட்டத்திலும் இரவில் டார்ச்சை நெற்றிக்கு நேராகப் பிடித்துப் பார்த்தால், அதன் கண்கள் சிறு பொட்டுகளாக ஒளியைத் திருப்பி அனுப்பும். விளையாட்டில் அது பகலில் வளையில் உறங்கி, இருட்டியதும் வெளியே வருகிறது. அது வருவதைக் கண்ணால் பார்ப்பதற்குள் பெரும்பாலும் காலம் கடந்துவிடும், ஏனெனில் நம்மைச் சுற்றிலும் புல் தென்னை உயரத்துக்கு நிற்கிறது. காதைத்தான் நம்ப வேண்டும். மின்விசிறிச் சத்தத்தை மீறிக் கேட்கும்படியான ஹெட்செட் இல்லாமல் இந்த விளையாட்டை இரவுக் காட்சிகளில் ஆடுவது பாதி விளையாட்டை ஆடுவதற்குச் சமம். சருகின்மீது எட்டுக் கால்கள் வைக்கும் ஓசை நெருங்குவதைக் கேட்டதும் மூச்சை அடக்கிக்கொண்டு குனிந்து நின்றால், பல நேரம் அது நம்மைக் கடந்து போய்விடும்.

நேருக்கு நேர் நின்றே ஆக வேண்டும் என்றால் தடுப்புதான் வழி. அடி நம்மீது விழும் அந்தக் கணத்தில் பொத்தானை அழுத்தினால் முழுத்தடுப்பு நிகழ்கிறது. அப்படித் தொடர்ந்து சில முறை செய்தால் சிலந்தி தடுமாறி நிற்கும், அப்போதுதான் நம் கை ஓங்கும். சற்று முன்னரே அழுத்தினால் அடியின் ஒரு பகுதி உள்ளே இறங்கிவிடும். பின்னர் அழுத்தினால் கடியோடு நஞ்சும் சேரும். அதன் பாய்ச்சலுக்கும் கடிகளுக்கும் ஒரு தாளம் உண்டு. அந்தத் தாளம் கைக்குப் பிடிபட்டபின், முன்பு கண்டு ஓடிய அதே பூச்சியை நானே தேடிப்போக ஆரம்பித்தேன். இவ்வளவு நுட்பமான நேரக்கணக்கு உள்ள விளையாட்டுக்கு, கருவியும் அதே அளவு நம்பகமாக இருக்க வேண்டும். உச்சிப்புளிப் பக்கம் கடலுக்கு அருகே வீடு என்பதால், உப்புக்காற்றின் ஈரம் கண்ட்ரோலரின் பொத்தான்களுக்கு அடியில் படிந்து, தடுப்புப் பொத்தான் அழுந்தியபடியே ஒட்டிக்கொள்ளத் தொடங்கியது. இப்போது விளையாடி முடித்ததும் அதைத் துணியில் சுற்றி மூடியுள்ள டப்பாவில் வைக்கிறேன். கடலோரத்தில் இருப்பவர்கள் விசைப்பலகையும் மவுஸும் கொண்டு ஆடினால், பழுதானாலும் குறைந்த செலவில் மாற்றிக்கொள்ளலாம்.

தனியாக ஆடுவதற்கு இணையம் தேவையில்லை என்பதும், மின்வெட்டு வரும்போது இடையிடையே தானாகச் சேமித்த இடத்திலிருந்து தொடரலாம் என்பதும் எங்கள் பக்கத்துக்குப் பெரிய வசதிகள். ஆனாலும் வளைக்குள் நுழைவதற்கு முன் நீங்களே ஒரு முறை சேமித்துவிடுவது நல்லது.

நான்கு பேர் வரை சேர்ந்து ஆடலாம். பாம்பனில் விசைப்படகில் கடலுக்குப் போகும் என் மச்சான், ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையிலான 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்தில் இதில் என்னுடன் சேர்ந்துகொள்வார். பகிர்வு உலகம் என்ற வசதி இருப்பதால், உலகத்தைத் தொடங்கியவர் இல்லாதபோதும் மற்றவர் அதைத் திறந்து ஆட முடிகிறது. படகு கடலில் இருக்கும் மாதங்களில் நான் சேர்த்துவைத்த பொருட்களை அவர் தடைக்காலத்தில் வந்து தாராளமாகச் செலவழிப்பது தனிக்கதை. இரவில் வெளியே போக வேண்டாம் என்று நான் சொன்னபோது அவர் கேட்டார்: “இருட்டுலதான மாப்ள எல்லாம் மேய வரும், அப்பப் போகாம எப்பப் போறது?” அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. மின்மினியைப் பார்க்க வேண்டுமென்றால் இருட்டில்தான் போக வேண்டும். ஓநாய்ச் சிலந்தியை மட்டும் பகலில், அது உறங்கும் வளைக்கே போய்ப் பார்ப்பது என்று எங்களுக்குள் முடிவானது. இருவர் சேர்ந்தால் ஒருவர் முன்னால் நின்று தடுக்க, மற்றவர் பின்னாலிருந்து குத்துவது எளிதாகிறது. பயமும் பாதியாகிவிடுகிறது, அது நல்லதா கெட்டதா என்பது அவரவர் விருப்பத்தைப் பொறுத்தது. காற்றின் திசை இந்த வேட்டையில் எந்த வேலையும் செய்வதில்லை என்பதை மட்டும் மச்சானால் கடைசிவரை ஏற்றுக்கொள்ள முடியவில்லை. எனக்கும் அது குறையாகவே படுகிறது. வாசனையாலும் அதிர்வாலும் உலகத்தை அறியும் உயிர்களைப் பற்றிய விளையாட்டில், நாம் காற்றுக்கு எந்தப் பக்கம் நிற்கிறோம் என்பது ஒரு பொருட்டாக இருந்திருக்க வேண்டும்.

மணல்தொட்டிப் பகுதி எங்கள் இருவருக்கும் பிடித்தது. நிழலின்றி வெயிலில் நின்றால் சூடேறி உயிர் போகும் என்று விளையாட்டு எச்சரிக்கிறது. பங்குனி நண்பகலில் அரியமான் கடற்கரை மணலில் செருப்பில்லாமல் நடந்தவர்களுக்கு அந்த எச்சரிக்கை மிகையாகத் தெரியாது. அங்கே இருப்பது குழிநரி. நம் ஊரில் கூரை இறவாணத்தின் கீழும் சுவரோரத்துப் பொடிமணலிலும் கூம்புக்குழி பறித்து, அடியில் தாடையை மட்டும் நீட்டிக்கொண்டு காத்திருக்கும் அதே பூச்சிதான். எறும்பு விளிம்பில் சறுக்கியதும் அது கீழிருந்து மணலை வாரி எறியும். ஏறப்பார்க்கும் எறும்பு மணலோடு சரிந்து நேராகத் தாடைக்குள் வந்து விழும். இதைப் பார்த்துப் பழகியவனுக்கு, விளையாட்டில் மணல் அசைந்து நம்மை நோக்கி வரும்போது எறும்பின் நிலை என்னவென்று சட்டெனப் புரிகிறது. காத்திருந்து பிடிக்கும் அந்தப் பொறுமையை எடுத்துவிட்டுத் துரத்திவரும் மிருகமாக அதை மாற்றியிருக்கிறார்கள் என்பதுதான் என் வருத்தம். வட்டவலைச் சிலந்திக்கும் இதே கதி. நிஜத்தில் வலையின் நடுவில் தலைகீழாகத் தொங்கி நாளைக் கழிக்கும் அது, இங்கே தரையில் காவல்காரரைப்போல வலம் வருகிறது.

இனிக் குறைகள். மேல்நிலைப் பூச்சிகளுக்கு வரும்போது காரம், குளிர்ச்சி, புளிப்பு, உப்பு என்று ஆயுதங்களுக்குச் சுவை ஏற்றி, எந்தப் பூச்சிக்கு எது ஒவ்வாது என்று பொருத்திப் பார்ப்பதே முழு வேலையாகிவிடுகிறது. முன்பு புல்லுக்குள் ஒளிந்து கவனித்த நேரத்தை இப்போது ஆயுதப்பெட்டியின் முன் செலவிடுகிறோம். பூச்சிகள் ஏறக்குறைய அதே இடத்தில் மீண்டும் மீண்டும் தோன்றுவதால், நீண்டநாள் ஆடியவருக்குத் தேடல் என்பது மனப்பாடமாகிவிடுகிறது. எல்லாவற்றையும்விட அலுப்பு தருவது தங்க அட்டை. ஒரே இனத்தைத் திரும்பத் திரும்பக் கொன்றால் எப்போதாவது அதிர்ஷ்டத்தில் கிடைக்கும் அந்த அட்டைக்காகக் கூன்வண்டுகளை வரிசையாக வெட்டித் தள்ளுவதில் திறமையும் இல்லை, மகிழ்ச்சியும் இல்லை. நான் அந்தச் சேகரிப்பைப் பாதியில் விட்டுவிட்டேன். ஒரே கூட்டத்தை அதிகமாக வேட்டையாடினால் அவை படையெடுத்து வந்து நம் இருப்பிடத்தை இடிக்கும் ஏற்பாடு நியாயமானதே. வேண்டாதவர்கள் விளையாட்டின் அமைப்புப் பக்கத்தில் (செட்டிங்ஸ்) அதை நிறுத்திக்கொள்ளலாம்.

சிலந்தியைக் கண்டால் உடல் நடுங்குபவர்களுக்காக ஒரு தனி அமைப்பு இருக்கிறது. அதைச் சிறிது சிறிதாகக் கூட்டினால் சிலந்தியின் கால்கள் குறைந்துகொண்டே வந்து, கடைசியில் அது உருண்டைகளாக மிதக்கும். என் அக்கா மகள் அந்தக் கடைசி நிலையில் வைத்துத்தான் ஆடுகிறாள். உருண்டையும் அதே வேகத்தில் பாய்ந்து கடிக்கிறது என்பதால் சவாலில் ஒன்றும் குறைவதில்லை.

‘கிரவுண்டட் 2’ 2025 ஜூலையில் முன்னோட்டப் பதிப்பாக வந்துவிட்டது. அதில் செவ்வெறும்பு, சிலந்தி ஆகியவற்றின் மீது ஏறிச் செல்லலாம். அதற்காக முதல் விளையாட்டைத் தாண்டிப் போக வேண்டாம் என்பது என் பரிந்துரை. 2024 ஏப்ரலில் பிளேஸ்டேஷனுக்கும் நின்டெண்டோ ஸ்விட்சுக்கும் வந்துவிட்டதால் கணினியோ எக்ஸ்பாக்ஸோ இல்லாதவர்களும் இதை ஆடலாம். வாங்குபவர்கள் கவசம் சேர்க்க அவசரப்படாமல் புல்வெளிப் பகுதியிலேயே நெடுநேரம் சுற்றட்டும். வேட்டையின் ருசி அங்கேதான் அதிகம் கிடைக்கிறது, அதை அவசரமாகக் கடந்தவர்களுக்கு மணல்தொட்டியும் குளமும் வெறும் பொருள் சேகரிக்கும் இடங்களாகவே தெரியும்.