ரியல்டெக் டிரைவரா, விண்டோஸோட சொந்த டிரைவரா?

கம்ப்யூட்டர்ல சவுண்ட் வரலன்னதும் எல்லாரும் கேக்கறது இதான். டிரைவர்னா சவுண்ட் சிப்பை விண்டோஸோட சேர்ந்து வேலை செய்ய வைக்கற சாப்ட்வேர், ரியல்டெக் அந்த சிப்பை செய்யற கம்பெனி. மொதல்ல டாஸ்க்பார்ல ஸ்பீக்கர் ஐகானை அமுக்கி அவுட்புட் எதுல இருக்குன்னு பாருங்க, பாதி கேஸ்ல மானிட்டரோட எச்டிஎம்ஐக்கு போயிருக்கும், டிரைவர் மேல பழி போடாதீங்க.

இன்ஸ்டால்: விண்டோஸோடது உள்ளயே இருக்கு, நெட் கூட வேணாம். டிவைஸ் மேனேஜர்ல அப்டேட் டிரைவர் போய் லிஸ்ட்லேர்ந்து நாமளே எடுக்கற ஆப்ஷன்ல 'ஹை டெபினிஷன் ஆடியோ டிவைஸ்' செலக்ட் பண்ணி ரீஸ்டார்ட் பண்ணா போதும்.
ரியல்டெக்னா லேப்டாப் கம்பெனி இல்லன்னா மதர்போர்டு கம்பெனி சைட்ல உங்க மாடலுக்கு உள்ளதை எடுக்கணும். தயவுசெஞ்சு டிரைவர் அப்டேட்டர்னு சுத்தற சாப்ட்வேர் பக்கம் போகாதீங்க.

வசதி: ரியல்டெக்ல ஈக்வலைசர், மைக் நாய்ஸ் குறைக்கறது, கேபினட் முன்பக்க ஜாக் செட்டிங் எல்லாம் இருக்கும், மாடலுக்கு மாடல் கொஞ்சம் மாறும். விண்டோஸோடதுல அதெல்லாம் ரொம்ப கம்மி.

தொல்லை: ரியல்டெக்ல எஃபெக்ட் ஆன்ல இருந்து சவுண்ட் கரகரன்னு வர்றது உண்டு, விண்டோஸோடதுக்கு மாத்தினா பல நேரம் சரியாயிடும். ஆனா விண்டோஸ் அப்டேட் சொல்லாம கொள்ளாம திரும்ப ரியல்டெக்கை ஏத்திவிடும், அது ஒரு எரிச்சல்.

பாட்டு, யூடியூப், ஆன்லைன் கிளாஸ் மட்டும்னா விண்டோஸோடதே தாராளம். 5.1 ஸ்பீக்கர், முன்பக்க ஜாக்ல ஹெட்செட்னா ரியல்டெக். புது லேப்டாப்ல இன்டெல் ஸ்மார்ட் சவுண்ட் (இன்டெல்லோட ஆடியோ டெக்னாலஜி) இருந்தா லேப்டாப் கம்பெனி குடுத்த டிரைவரை கழட்டாதீங்க, மைக்கே காணாம போயிடலாம்.