வெயின்ஸ்காட்டிங் பலகை: ஹாலுக்கு அருமை, ஈரச் சுவருக்கு வேண்டாம்

சுவரின் கீழ்ப்பகுதியில், பெரும்பாலும் 3 அடி உயரம் வரை மரப்பலகை பதிப்பதைத்தான் வெயின்ஸ்காட்டிங் என்பார்கள். அந்தக் காலத்தில் ஓக் மரம். நான் வாங்கியது பிரைமர் (பெயிண்டுக்கு முந்தைய அடிப்பூச்சு) பூசிய எம்.டி.எஃப். பலகை, அதாவது மர நாரைப் பசையோடு அழுத்திச் செய்தது. பதித்ததும் ஹாலே எடுப்பாகிவிட்டது. நாற்காலி உரசிச் சுவர் கீறுகிற தொல்லையும் போயிற்று. பள்ளம் வெட்டிய விளிம்பைத் தடவிப் பார்த்தேன், பிசிறே இல்லை. ஆனால் அறுத்த முனைகள் பிரைமர் இல்லாமல் மொட்டையாக இருக்கின்றன; அங்கேதான் ஈரம் ஏறும், பலகை உப்பும். நீங்களே இரண்டு கோட் அடித்துவிடுங்கள். குளியலறைச் சுவருக்கு இதை வாங்கவே வாங்காதீர்கள், அதற்கு பி.வி.சி. இருக்கிறது. அப்புறம், ஒட்டுவதற்கு முன் பலகைகளை அதே அறையில் ஓரிரு நாள் கிடத்தி வையுங்கள். இல்லாவிட்டால் பின்னால் இணைப்புகளில் இடைவெளி விழும்.