தள்ளுபடியான வழக்கு: மீட்பு மனுவா, புது வழக்கா?

காலை பத்தரை மணி. முன்சீப் கோர்ட் வாசலில் டவாலி மூன்று தடவை பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார். வாதி ஜெராக்ஸ் கடையில் நிற்கிறார், வக்கீல் வேறு கோர்ட்டில் இருக்கிறார். இருவரும் ஓடி வருவதற்குள் வழக்குக் கட்டில் "வாதி ஆஜரில்லை, தள்ளுபடி" என்று எழுதியாகிவிட்டது. வருஷக்கணக்கில் வாய்தாவுக்கு அலைந்த மனிதர் உடைந்துபோவது இங்கேதான்.

சரி, அடுத்து என்ன? அதே வழக்கை மறுபடி கோப்பில் எடுக்கச் சொல்லி மீட்பு மனுப் போடுவதா, புது வழக்கே தாக்கல் செய்வதா?

முதலில் உத்தரவு நகலை வாங்கிப் பாருங்கள். அன்று பிரதிவாதி வந்திருந்தாரா என்பதை வைத்துத்தான் எல்லாம். இரு தரப்புமே வரவில்லை என்றால் அது உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 9, விதி 3. அப்போது இரண்டு வழியும் உண்டு என்கிறது விதி 4. பிரதிவாதி வந்து, வாதி மட்டும் வராமல் போயிருந்தால் விதி 8. அதற்குப் பிறகு அதே வழக்கு மூலத்தில், அதாவது அதே காரணத்தை வைத்து, புது வழக்குப் போட முடியாது. விதி 9-ன்படி மீட்பு மனு ஒன்றுதான் வழி.

புது வழக்குப் போட வாய்ப்பு இருந்தாலும் நான் அதைச் சொல்லமாட்டேன். கோர்ட் கட்டணம் மறுபடி கட்ட வேண்டும், சம்மன் மறுபடி போக வேண்டும். அதைவிடப் பெரிய ஆபத்து காலவரையறை. 2015 மார்ச்சில் எழுதிய புரோநோட்டுக்கு 2018 பிப்ரவரியில் வழக்கு, 2019 ஜூலையில் தள்ளுபடி என்று வையுங்கள். புரோநோட்டுக்கு உள்ள 3 வருஷம் அதற்குள் தாண்டிவிட்டது. முதல் வழக்கு நடந்த நாட்களைக் கழித்துக் கொடுக்கமாட்டார்கள். புது வழக்குப் போட்டால் பணம் போனதுதான்.

மீட்பு மனுவில் இந்தச் சிக்கல் இல்லை. பழைய நம்பரே உயிர்பெறும். பதிவான சாட்சியமும் குறியிட்ட ஆவணங்களும் அப்படியே நிற்கும். வராததற்குப் போதுமான காரணத்தைப் பிரமாணப் பத்திரத்தில் சொல்ல வேண்டும். உடம்பு சரியில்லை என்றால் மருத்துவச் சான்றைச் சேர்த்துவிடுங்கள். எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டும்படி கோர்ட் சொல்லலாம். அது வலிக்கும், ஆனாலும் தாங்கக்கூடியதுதான். விதி 9 மனு தள்ளுபடியானாலும் மேல்முறையீடு இருக்கிறது.

மீட்பு மனுவுக்குக் கெடு 30 நாள். பலர் தோற்பது இதில்தான். நாள் எண்ணுவது தள்ளுபடியான தேதியிலிருந்து, நமக்குத் தெரியவந்த தேதியிலிருந்து அல்ல. தாண்டிவிட்டால் காலவரையறைச் சட்டம் பிரிவு 5-ன் கீழ் தாமத மன்னிப்பு மனுவும் சேர்த்துப் போட வேண்டும். அதில் ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் பதில் தேடி அலையும் நிலை வரும்.

செக் திரும்பியதற்காகப் போடும் குற்ற வழக்குக்கு இந்தக் கணக்கு எதுவும் பொருந்தாது. புகார்தாரர் வராமல் மாஜிஸ்திரேட் எதிரியை (குற்றம் சாட்டப்பட்டவரை) விடுதலை செய்துவிட்டால், அதே கோர்ட்டில் மீட்பு மனுப் போட முடியாது. மேல்முறையீட்டுக்குத்தான் போக வேண்டும்.

வக்கீல் பார்த்துக்கொள்வார் என்று இருந்துவிடாதீர்கள். ஒவ்வொரு வழக்குக்கும் தனியாக உள்ள 16 இலக்க அடையாள எண்ணான சி.என்.ஆர். எண்ணை வாங்கி, இ-கோர்ட்ஸ் செயலியில் ஒவ்வொரு வாய்தா அன்றும் சாயங்காலம் நீங்களே பாருங்கள்.